மனுவின் ஒன்பதாம் பத்தி

இருபத்திரண்டு வருடமாக ஒரே ஊரின் மின்கம்பங்களில் ஏறி இறங்கிய லைன்மேனுக்கு ஒரு செவ்வாய்க்கிழமை இடமாறுதல் உத்தரவு வந்தது. முந்நூறு கிலோமீட்டர் தள்ளி ஓர் ஊர். பத்து நாளில் போய்ச் சேர வேண்டும். மனிதருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. தனக்காக அல்ல, மனைவிக்காக. அவளுக்குப் பிறவியிலேயே பார்வை கிடையாது. கல்யாணமாகி வந்தபோது இந்த ஊரைப் பழகிக்கொள்ள அவளுக்கு ஐந்து வருடம் பிடித்தது. மாவு மில் இரைச்சல் கேட்டால் இடது பக்கம் திரும்ப வேண்டும், பட்டறை வாடையைத் தாண்டினால் மருந்துக்கடை. இப்போது கடை கண்ணிக்கெல்லாம் அவளேதான் போய் வருகிறாள்.

மேலதிகாரியிடம் கெஞ்சிப் பார்த்தார். அவர் கையை விரித்துவிட்டார். கடைசியில் ஒரு வக்கீலைப் பிடித்து, வழக்குப் போட மனு தயாரானது. கையெழுத்துப் போடுமுன் அதை வீட்டுக்குக் கொண்டுவந்தார்.

"என்னதான் எழுதியிருக்காரு, படிங்க கேப்போம்" என்றாள் மனைவி, வெங்காயம் நறுக்கியபடி.

படித்தார்.

"பத்தி நம்பர் எட்டுலேருந்து பத்துக்குத் தாவிட்டீங்க. ஒன்பது எங்க போச்சு?"

வேறு வழியில்லை. தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "மனுதாரரின் மனைவி பார்வையற்றவர். பிறர் துணையின்றி எந்தக் காரியமும் செய்ய இயலாதவர். மனுதாரருக்குத் தீராத சுமையாக..."

கத்தியின் சத்தம் நின்றது.

"நீங்க சொல்லித்தான் எழுதினாரா?"

"ஐயோ, இல்லம்மா! கோர்ட்டுல அப்படி எழுதினாத்தான் எடுபடுமாம்."

"கம்பத்துலேருந்து விழுந்து மூணு மாசம் படுக்கையில கிடந்தீங்களே, அப்ப உங்களைக் குளிப்பாட்டி, தலை துவட்டி விட்டது யாரு? பக்கத்து வீட்டுக்காரியா?"

அன்று அவள் சோறு பரிமாறினாள். பேச்சைத்தான் பரிமாறவில்லை.

மறுநாள் காலை லைன்மேன் வக்கீலின் வீட்டுக் கதவைத் தட்டினார்.

"சார், அந்த ஒன்பதாவதை மாத்திடுங்க."

"அதுதாங்க நம்ம கேஸுக்கு உயிரே. அதை எடுத்துட்டா கேஸ் நிக்காது."

"நிக்காட்டி போகுது சார். அவளைச் சுமைன்னு சொல்லி ஜெயிச்சுட்டு, வீட்டுல அவ மூஞ்சியில எப்படி முழிக்கிறது?"

வக்கீல் பேனாவைத் திறந்து, "சரி, நீங்களே சொல்லுங்க" என்றார். அவர் சொன்னார். என் மனைவி இந்த ஊரைக் காதாலும் காலாலும் படித்திருக்கிறாள். இன்னொரு ஊரைப் படிக்க அவளுக்கு அவகாசம் வேண்டும். ஒன்பதாம் பத்தியில் அவ்வளவுதான் இருந்தது.

விசாரணையில் நீதிபதி பட்டென்று சொல்லிவிட்டார். "இடமாறுதல் வேலையோட ஒரு அங்கம். அதை ரத்து பண்ண முடியாது." சொல்லிக்கொண்டே பக்கத்தைப் புரட்டியவர் ஒன்பதாம் பத்தியில் நின்றார். இரண்டு முறை படித்தார்.

"ஒரு ஊரைப் படிக்க எவ்வளவு நாளாகும்?"

வக்கீல் காகிதக் கட்டைப் புரட்டித் தேடினார். பின்வரிசை பெஞ்சிலிருந்து அவள் எழுந்தாள்.

"போன தடவை அஞ்சு வருஷம் ஆச்சுங்க ஐயா. அப்ப சின்னப் பொண்ணு, பயம் ஜாஸ்தி. இப்ப ஒரு வருஷம் போதுங்க."

நீதிபதி சிரிப்பை அடக்கிக்கொண்டு குனிந்து எழுதினார். உத்தரவு செல்லும், ஆனால் ஒரு வருடம் கழித்துத்தான். மின்வாரியத்தின் வக்கீலும் மறுப்புச் சொல்லவில்லை.

திரும்பும்போது பஸ்ஸில், "இப்ப நாம ஜெயிச்சோமா, தோத்தோமா?" என்று கேட்டார் லைன்மேன்.

"அது கிடக்கட்டும். வர்ற சனிக்கிழமை அந்தப் புது ஊருக்குப் போகணும், லீவு சொல்லிடுங்க."

அந்த வருடம் மாதம் இரண்டு முறை போனார்கள். அவர் பத்தடி பின்னால்தான் வர வேண்டும், வாயைத் திறக்கக் கூடாது. அது அவள் போட்ட நிபந்தனை. ஒருமுறை சாக்கடை ஓரத்தில் தடுக்கி விழுந்து முழங்காலைச் சிராய்த்துக்கொண்டாள். பதறி ஓடியவரை, "அங்கேயே நில்லுங்க" என்று அதட்டினாள். எழுந்து, இடறிய கல்லைக் காலால் தடவி இடத்தை மனதில் வைத்துக்கொண்டு மேலே நடந்தாள்.

வருடம் முடிந்ததும் குடிபெயர்ந்தார்கள். முதல் நாள் வேலை முடிந்து திரும்பிய லைன்மேனுக்கு வீட்டுச் சந்து பிடிபடவில்லை. வருடம் முழுக்க அவள் முதுகையே பார்த்து நடந்தவருக்கு ஊர் எங்கே பதியும்? வெட்கத்தோடு போன் செய்தார்.

"நிக்கிற இடத்தைச் சொல்லுங்க. வந்து கூட்டிட்டுப் போறேன்" என்றாள்.

பத்தே நிமிடத்தில் வந்தாள்.