காலண்டரில் எழுதிய பாஸ்வேர்டு

மயிலாப்பூர் பக்கம், குறைந்த வருமானக்காரர்களுக்கான அரசு வாடகைக் குடியிருப்பு அலுவலகம் ஒன்றில் வேலை பார்க்கிறேன். குடியிருப்போரின் வருமானத்தைச் சரிபார்க்கும் அரசு இணையதளத்துக்கு ஊழியர் ஒவ்வொருவரும் விண்ணப்பித்துத் தனி அனுமதி வாங்க வேண்டும். எங்கள் பிரிவிலோ அதிகாரியின் பாஸ்வேர்டு சுவர்க் காலண்டரில் எழுதியிருக்கும். எல்லோரும் அதை வைத்தே நுழைவோம். நானும்தான்.

ஒருநாள் அந்தக் குடியிருப்பில் வசிக்கும், மீன் விற்கும் லூர்து அக்கா நோட்டீஸோடு வந்தார்.

"இன்னாம்மா இது? வருமானம் ஜாஸ்தியாம், வூட்ட காலி பண்ணணுமாம்!"

திறந்து பார்த்தேன். வேறு யாருடைய வருமானமோ அவர் பெயரில் பதிவாகியிருந்தது. பதிந்தவர் என்ற இடத்தில் அதிகாரியின் பெயர். உண்மையில் பதிந்தது நானாகவும் இருக்கலாம்.

அன்றே தனி அனுமதிக்கு விண்ணப்பம் எழுதினேன். "எதுக்கும்மா வீண் வேலை?" என்று சிரித்தார் தலைமை எழுத்தர். நான் விடவில்லை, அதிகாரியின் அறை வாசலிலேயே நின்று கையெழுத்து வாங்கினேன். பத்தாம் நாள் அனுமதி வந்தது. முதல் வேலையாக அக்காவின் வருமானச் சான்றிதழைப் பார்த்துப் பதிவைத் திருத்தினேன். நோட்டீஸ் ரத்தானது!

"யார் சரி பண்ணதுன்னு அதுல போட்டுக்கீதா?" என்று கேட்டார் அக்கா. திரையைத் திருப்பி என் பெயரைக் காட்டினேன்.

இப்போது டீ குடிக்க எழுந்தால்கூட லாக் அவுட் செய்துவிட்டுத்தான் போகிறேன். நேற்று தலைமை எழுத்தர் மெதுவாக என் மேசைக்கு வந்தார். "அந்த விண்ணப்பம் எப்படிம்மா எழுதணும்?"