ஹார்லன் பீஸ்லியின் முழுப் படைப்புகள்

சர்க்கரைக் கிண்ணத்தை நகர்த்திக் கவிஞரின் பெயரை மூடிவிட்டுத்தான் ஹார்லன் பீஸ்லி படிக்கத் தொடங்குவார். காலையில் டோரீனின் காபிக் கடையில் ஜன்னலோர மேசை அவருடையது. அன்றைய தபாலில் வந்த கவிதைப் பத்திரிகை, வெண்ணெய் தடவாத ரொட்டி, ஒரு பச்சைப் பென்சில். பெயரைப் பார்த்தால் மனசு சாய்ந்துவிடும் என்பது அவர் கட்சி. நண்பன் என்றால் இரக்கம் வரும், ஆகாதவன் என்றால் குஷி வரும். பச்சைப் பென்சிலை அவர் விரும்புவதற்குக் காரணம், அது லேசில் அழியாது. "தீர்ப்புன்னா சொன்னதுதான். அழிக்கறவன் எதுக்கு எழுதணும்?" என்பார். அவர் வீட்டில் ரப்பர் என்ற பொருளே கிடையாது.

"இன்னிக்கு யாரு தலை உருளுது, புரொஃபசர்?" என்று காபி ஊற்றிக்கொண்டே கேட்பாள் டோரீன்.

"கிண்ணத்தைத் தூக்கினாத்தாம்மா தெரியும். பாவம், நல்ல குடும்பத்துப் பையனா இருப்பான்."

மோசமான வரி வந்தால் முனகுவார். மிக மோசமான வரி வந்தால் அந்த முனகலில் ஒரு நிம்மதி தெரியும். ஒரு கண்ணாடி மூக்கில் இருக்கும், இன்னொன்று நெற்றியில் ஏறி உட்கார்ந்திருக்கும். அதைத்தான் கோட்டுப் பையில் தேடிக்கொண்டிருப்பார். ஒஹாயோவின் அந்தச் சின்னக் கல்லூரி ஊரில் மட்டுமல்ல, வெளியிலும் அவரை விமர்சகர் என்றுதான் தெரியும். அவர் கவிஞரும்கூட என்பது அவருக்கும் அவர் மனைவி வெர்னாவுக்கும் தெரியும். "என் கவிதை வாசகர்களைக் கூட்டினா ஹால் பிடிக்க வேண்டாம், எங்க கார் போதும். பின்சீட்டுல நாய்க்கும் இடம் இருக்கும்" என்று அவரே சொல்லிச் சிரிப்பார். சிரிப்பு முடிந்ததும் முகம் கொஞ்சம் வாடும். எழுதிய கவிதையை எழுதிய கையோடு மறந்துவிடுவது அவர் வழக்கம். அடுத்தவர் வரியில் கண்ட குற்றம் மட்டும் ஆயுசுக்கும் மறக்காது.

இந்த வசந்தத்தில் பதிப்பகத்திலிருந்து மிஸ் கேப்லன் தொலைபேசியில் அழைத்தார். ஹார்லனின் முழுப் படைப்புகளும் ஒரே தொகுதியாக வருகின்றன. ஆனால் புத்தகம் தடித்துவிட்டது.

"கட்டுரைல கை வைக்க முடியாது சார். லைப்ரரிங்க அதுக்காகத்தான் வாங்குது. கவிதைல பாதிய எடுத்துடுங்களேன்."

தொலைபேசியை வைத்துவிட்டு வந்தவர், "டாக்டர் மாதிரி கொழுப்பைக் குறைங்கறா வெர்னா. கொழுப்பு எதுன்னும் அவளே முடிவு பண்ணிட்டா" என்றார். விளையாட்டாகச் சொன்னாலும் அடி பலமாகத்தான் விழுந்திருந்தது. தான் போன பிறகு, ஊரைத் திட்டியவன் என்று இல்லாமல் கவிஞன் என்று யாராவது தன்னை நினைக்க வேண்டும் என்பதுதான் அவருடைய ஒரே ஆசை. அதை வெளியே சொல்ல வெட்கம்.

அவர் எழுதியதையெல்லாம் தட்டச்சு செய்பவள் வெர்னாதான். "ஊரார் கவிதைக்கெல்லாம் கிண்ணம் வைக்கறியே, உன்னோடதுக்கும் வையேன். பார்க்கலாம்" என்றாள்.

பழைய பத்திரிகைகளிலிருந்து அவர் கவிதைகள் சிலவற்றைப் பொறுக்கி, அவரிடம் உதை வாங்கியவர்களின் கவிதைகளையும் நடுவே கலந்து, தலைப்பும் பெயரும் இல்லாமல் தட்டினாள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சமையலறை மேசையில் விசாரணை ஆரம்பித்தது.

"ஆஹா, இது நான்தான்! இந்த மூச்சு வேற எவனுக்கும் வராது. வெச்சுக்க."

வெர்னா தன் குறிப்பைப் பார்த்தாள். "ஓவன் டிரிப்."

ஓவன் டிரிப் கவிஞனே அல்ல என்று ஹார்லன் நிறுவிய நீண்ட கட்டுரைதான் அவர் பெயரை நாடறியச் செய்தது.

"அவன் என்னைப் பார்த்துக் காப்பியடிச்சிருக்கான்."

"இது வந்தப்போ நீ பள்ளிக்கூடத்துல இருந்த, ஹார்லன்."

அடுத்த தாளில் குறுக்குக்கோடு போட்டார். "யாரு இந்த உளறுவாயன்?"

"நீதான்."

இருவரும் மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்கள். தன் தலையே உருளுவதில் அவருக்கு உற்சாகம் பிடித்துக்கொண்டது, பென்சில் பறந்தது. மூன்றாவது தாளில், உறைபனியில் கொடியில் தொங்கி ஈரத்தோடு உறைந்து விறைத்துப் போன ஒரு சட்டையை இளம்பெண் ஒருத்தி வீட்டுக்குள் கொண்டு வருகிறாள். அதன் கையைப் பிடித்துக்கொண்டு, அது இளகித் தொங்கும் வரை அடுப்பங்கரையில் அதோடு நடனமாடுகிறாள். ஹார்லன் முனகினார். 'இப்படி ஒரு பெண் இல்லவே இல்லை. நீக்குக' என்று ஓரத்தில் அழுத்தி எழுதினார்.

வெர்னா குறிப்பைப் பார்க்கவில்லை. "நல்லாப் படிச்சியா?"

"படிக்க என்ன இருக்கு? வெல்லப்பாகு. சட்டையோட எவளாவது ஆடுவாளா?"

"அந்தச் சட்டை உன்னோடது."

பென்சில் அப்படியே நின்றது.

"மில் ரோடு வீட்டுல நம்ம முதல் குளிர்காலம். நீ கதவுகிட்ட நின்னு பார்த்தேன்னு எனக்கு அப்போ தெரியாது. பத்திரிகைல வந்தப்புறம்தான் தெரிஞ்சுது. நீயும் சொல்லல, நானும் கேக்கல."

ஹார்லன் அந்தத் தாளை முதல் வரியிலிருந்து மறுபடி படித்தார்.

"சரி விடு. தீர்ப்புன்னா தீர்ப்புதான்" என்று அந்தத் தாளை நீக்கியவற்றோடு சேர்த்துவிட்டு, நாய்க்குச் சாப்பாடு வைக்க எழுந்து போனாள். அவள் குரலில் கோபமே இல்லை. கோபித்துக்கொண்டிருந்தால் தேவலை என்று அவருக்கு இருந்தது.

மறுநாள் காலை அவர் சர்க்கரைக் கிண்ணத்தைத் தொடவில்லை. கல்லாவுக்குப் பக்கத்தில் இருந்த தொலைபேசியைக் கேட்டு வாங்கினார்.

"மிஸ் கேப்லன், டிரிப் கட்டுரையத் தூக்கிடுங்க."

"ஐயோ சார், அதுக்காகத்தானே புத்தகமே!"

"தெரியும். அந்த இடத்துல ஒரு சின்னக் கவிதை வருது. இன்னிக்குத் தபால்ல போட்டுடறேன்."

"நல்ல கவிதையா?"

"எனக்கு எப்படிம்மா தெரியும்? அதுல வர்ற பொண்ணோட குடும்பம் நடத்தறவன் நான்."

மேசைக்குத் திரும்பி, கோட்டுப் பையில் மடித்து வைத்திருந்த சட்டைக் கவிதைத் தாளை எடுத்துப் பிரித்தார். இதை மறுபடி தட்டித் தா என்று வெர்னாவிடம் கேட்க அவருக்குத் தைரியம் வரவில்லை.

"டோரீன், ரப்பர் இருக்கா?"

"உங்களுக்கா, புரொஃபசர்?" காபிக் கெண்டியோடு அப்படியே நின்றுவிட்டாள். "இங்க ஏது?"

அவர் தட்டிலிருந்த ரொட்டியின் நடுப்பகுதியைப் பிய்த்து உருட்டி, ஓரத்துப் பச்சை எழுத்தின் மேல் தேய்த்தார். ரொட்டி பச்சையானது, எழுத்து அசையவில்லை. கண்ணாடியை மாற்றிப் போட்டுக்கொண்டு, அடுத்த துண்டைப் பிய்த்தார்.