தங்கை சொன்ன வசனம்

மதிய நேர சீரியல்களில் பத்து வருஷம் நாத்தனாராக நடித்தேன். குடும்பத்தைக் கெடுப்பதுதான் என் வேலை. ஊருக்கு வந்தால் ஸ்ரீரங்கத்தில் பூக்கார அம்மா, "அந்தப் பொண்ணை ஏங்க இந்தப் பாடு படுத்துறீங்க?" என்று நிஜமாகவே கோபித்துக்கொள்வார். அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டேன்.

வயது ஏற ஏற வேஷம் குறைந்தது. "வீட்டுப் பேச்சு உங்களுக்கு நல்லா வருது, வசனம் எழுதிப் பாருங்க" என்றார் இயக்குநர். தினம் ஒரு எபிசோடு. இரண்டே வருஷத்தில் எனக்குத் தெரிந்த சண்டைகள் எல்லாம் எழுதித் தீர்ந்துவிட்டன.

அந்தச் சமயத்தில்தான் என் தங்கை திருச்சி கே.கே. நகரில் இருந்த கணவர் வீட்டை விட்டு, ஸ்ரீரங்கத்துக்கு அப்பா அம்மாவிடம் வந்துவிட்டாள். சென்னையிலிருந்து பார்க்கப் போனேன். அடித்தாரா என்று கேட்டேன். இல்லையாம். மூன்று வருஷமாக அவளோடு பேசவே இல்லையாம். எதிரில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே, "குழம்புல உப்பு இல்லைன்னு அவகிட்ட சொல்லும்மா" என்று தன் அம்மாவிடம் சொல்வாராம்.

"ஒரு நாள் ஃப்ரிட்ஜைத் திறந்து வச்சுக்கிட்டு அதுகிட்ட பேசினேன்க்கா. லைட்டாவது எரியுதுல்ல" என்றாள்.

அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். பொய் அழுகை இல்லை. ஆனால் திரும்பிப் போக ரயிலேறி உட்கார்ந்ததும் முதல் வேலையாக அந்த வார்த்தைகளை நோட்டில் குறித்துக்கொண்டேன்.

அடுத்த மாதம் எங்கள் கதாநாயகி ஃப்ரிட்ஜ் முன் நின்று அதையே சொன்னாள். செட்டில் எல்லோரும் கை தட்டினார்கள். ஒளிபரப்பான அன்று தங்கை போன் செய்தாள்.

"அம்மாவோட உட்கார்ந்து பார்த்தேன்க்கா. அது நான் உன்கிட்ட சொன்னது."

"உன்னைப் பத்தின்னு யாருக்குடி தெரியும்?"

"அவருக்குத் தெரியும். அவரும் பார்த்துட்டுத்தான் இருந்தாரு, நான் ஃப்ரிட்ஜ்கிட்ட பேசினப்போ."

நான் மன்னிப்புக் கேட்கவில்லை. வேலை இருக்கு, அப்புறம் பேசுறேன் என்றேன்.

கதாநாயகி கணவனை விட்டு வெளியேறியதும் பார்ப்பவர்கள் குறைந்துவிட்டார்கள் என்று சேனலில் சொன்னார்கள். அவள் திரும்பிப் போய் மன்னிப்புக் கேட்க வேண்டுமாம். ஒரு நாள் முழுக்க வாதாடினேன். மறுநாள் உட்கார்ந்து எழுதினேன். நன்றாகவே எழுதினேன், அதுதான் இன்னும் உறுத்துகிறது. "நான்தாங்க உங்களைப் புரிஞ்சுக்கல" என்று அவள் அழுத காட்சிக்கு மறுபடியும் கைதட்டல்.

அந்த வாரமே கே.கே. நகரிலிருந்து தங்கையின் மாமியார் இரண்டு பெரியவர்களோடு ஸ்ரீரங்கம் வீட்டுக்கு வந்தார். "அக்காவே டிவியில புத்தி சொல்லிட்டாங்க, இன்னும் என்ன யோசனை?" என்றாராம். அப்பா என் தங்கையைப் பார்த்து, "கிளம்பும்மா" என்றாராம். அவள் கிளம்பினாள். கணவர் வீட்டுக்கு அல்ல; புத்தூரில் ஒரு லேடீஸ் ஹாஸ்டலுக்கு. அங்கேயே ஒரு கண் ஆஸ்பத்திரியில் வரவேற்பு மேஜையில் வேலை தேடிக்கொண்டாள்.

என்னையும் சேனல் அதிக நாள் வைத்துக்கொள்ளவில்லை. சின்ன வயசுப் பையன் ஒருவன் எழுத வந்தான். எனக்கு யாரும் சொல்லக்கூட இல்லை; வசனம் எழுத எனக்கு அனுப்பும் சீன் பேப்பர் ஒரு நாள் வராமல் நின்றுபோயிற்று.

போன வருஷம் அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன். தங்கை வேலை பார்க்கும் ஆஸ்பத்திரிக்கே போக வேண்டும் என்றார் அம்மா; நான் கூட்டிப் போனேன். தங்கை எழுந்து வந்து அம்மாவை அணைத்துக்கொண்டாள், சாப்பிட்டீங்களா என்றாள். பிறகு மேஜைக்குப் போய் ஒரு படிவத்தை என் பக்கம் நகர்த்தினாள்.

"பேஷன்ட்டோட வந்தவங்க இதுல கையெழுத்துப் போடணும்" என்றாள், என்னைப் பார்க்காமல்.

கையெழுத்துப் போட்டேன். பின்னால் நின்றவரை அவள் கூப்பிட்டாள். நான் விலகி நின்றேன்.