மாமனாரின் பெயர்

கொதிக்கிற எண்ணெயில் மாவு உருண்டையைப் போட்டபடியே நோக்வேசி வேதவசனம் முணுமுணுப்பாள். "விசுவாசம்..." என்பாள். அடுத்த சொல்லுக்கு உதட்டை இறுக மூடிக்கொள்வாள். பிறகு "...அன்பு" என்று முடிப்பாள். வேன் நிலையத்தில் இருபது வருஷமாக அவளிடம் வாங்கித் தின்கிறவர்களுக்கு இது பழகிப்போயிற்று. பக்கத்துக் கடை போனிஸ்வாவுக்குத்தான் வாய் சும்மா இருக்காது.

"நடுவுல ஒண்ண முழுங்கிட்டியே அக்கா! ஆண்டவருக்குக் காது கேக்காதுன்னு நெனப்பா?"

"உன் மாமனார் பேரா இருந்தா நீயும் முழுங்குவ. போடி, வேலயப் பாரு."

விழுங்கிய சொல் நம்பிக்கை. அவர்கள் பாஷையில் டெம்பா. அதுதான் மாமனார் பெயரும். தென்னாப்பிரிக்காவின் கோசா இனத்தில் மருமகள் மாமனார் பெயரைச் சொல்லக் கூடாது. அந்தப் பெயர் ஒலிக்கிற சொல்லையும் சொல்லக் கூடாது. அவர் மண்ணுக்குள் போனாலும் விலக்கு கிடையாது. இந்தக் காலத்துப் பெண்கள் சிரிக்கிறார்கள். நோக்வேசி அசைய மாட்டாள். மழை வருமா என்று கேட்டால்கூட, வரும்னு நம்பறேன் என்று சொல்ல மாட்டாள்; "வந்தாலும் வரும்" என்பாள், அவ்வளவுதான்.

விதி அதோடு விட்டதா? கிழவர் செத்த மாதமே அவளுக்கு மகன் பிறந்தான். "எங்கப்பாவே திரும்பி வந்துட்டாரு!" என்று நாத்தனார் அதே பெயரை வைத்துவிட்டாள். பெற்றவள் என்ன செய்வாள்? "மகனே" என்றே வளர்த்தாள். பள்ளிக்கூடத்தில் பெயர் கேட்டபோது பிறப்புச் சான்றிதழை நீட்டி, எழுத்தின் மேல் விரலை வைத்தாள். புருஷனும் போய்ச் சேர்ந்த பிறகு அவளுக்கென்று இருந்தது அந்தப் பிள்ளை ஒருவன்தான்.

அவன் வேலை தேடி வடக்கே போய், கைவிடப்பட்ட தங்கச் சுரங்கம் ஒன்றில் திருட்டுத்தனமாக இறங்கினான். போலீஸ் வாயிலை வளைத்துக்கொண்டது. உள்ளே நாற்பது பேர், சோறு தண்ணீர் இல்லாமல். பிடித்துக்கொண்டு போவார்கள் என்ற பயத்தில் ஒருவனும் மேலே வரவில்லை. பெற்றவள் குரல் கேட்டால் வருவான் என்று, மீட்க வந்த தொண்டர்கள் வீட்டுக்கு வீடு ஆள் அனுப்பினார்கள். நோக்வேசி ஒரு பகல் முழுக்க பஸ்ஸில் போனாள்.

குழி சரிவாக இறங்கிற்று. உள்ளேயிருந்து பிண வாடை வந்தது. குனிந்து, "மகனே! மகனே!" என்று கத்தினாள். இரண்டு பேர் எலும்பும் தோலுமாகத் தவழ்ந்து வந்தார்கள். இரண்டும் யாரோ பெற்றவை. ஒருவன் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு விம்மினான்.

ஏறி வருகிறவர்களுக்காகக் கயிற்றைப் பிடித்திருந்த தொண்டர் பொறுமை இழந்தார். "பேரச் சொல்லிக் கூப்பிடும்மா! மகனேன்னா உள்ள இருக்கிறவன் எல்லாம் மகன்தான். சாயங்காலம் குழிய மூடிடுவாங்க."

சான்றிதழை நீட்டினாள். "இதுல இருக்கு. நீங்க கூப்பிடுங்க ஐயா."

"நான் கூப்பிட்டா போலீஸ்னு நெனப்பான். உன் குரல்தாம்மா வேணும்."

மாமனார் மன்னிக்க மாட்டார், பிள்ளையை எடுத்துக்கொண்டுவிடுவார் என்று அவள் மெய்யாகவே நம்பினாள். சொல்லாவிட்டாலும் பிள்ளை இல்லை. சான்றிதழை மடித்து மடியில் செருகினாள். செருப்பைக் கழற்றினாள். கல்யாணமான அன்று அவர் முன்னால் செய்தது போல, தலைத்துணியைப் புருவம் மறையும்வரை இழுத்துவிட்டுக்கொண்டு முழந்தாளிட்டாள்.

"டெம்பா!"

பிறகு, கூப்பிட்ட வாயை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு, குழிப்பக்கம் காதைச் சாய்த்தாள்.