இடது டாக்கிள் எனக்குக் கிடைத்த விதம்

1. மஞ்சள் துணி

என் முதல் ஆட்டத்தில் நடுவர் மஞ்சள் துணியை எறிந்தபோதெல்லாம் அது எனக்காகத்தான் விழுந்தது.

இத்தாலியில், பலெர்மோ நகரில் அமெரிக்கன் ஃபுட்போல் விளையாடுகிறார்கள் என்பதையே நம்பாத இளசுகளுக்கு முதலில் வேலையைச் சொல்லிவிடுகிறேன். பந்தை எறிகிறவர் குவார்ட்டர்பேக். அவர் எறிந்து முடிக்கும்வரை எதிரணிக்காரர் அவரை விழுத்தாமல் முன்னால் நின்று மறிக்கும் ஐந்து பேர் ஒஃபென்சிவ் லைன். அதில் இரண்டு ஓரத்திலும் நிற்பவர்கள் டாக்கிள். எங்கள் கைக்குப் பந்து வராது. எங்களைப் படமெடுக்கவும் ஒருவரும் வரமாட்டார்கள். ஆனால் நாங்கள் பிசகினால் குவார்ட்டர்பேக்கைத் தூக்கிக்கொண்டு போகவேண்டி வரும்.

நான் அப்போது வலது டாக்கிள். குனிந்து ஒரு கையை நிலத்தில் ஊன்றி நிற்பதுதான் எங்கள் நிலை. கையை ஊன்றிய பிறகு, பந்து பின்னால் போகும்வரை கல்லாக நிற்கவேண்டும். அசைந்தால் ஃபோல்ஸ் ஸ்டார்ட் என்ற பிழை. மஞ்சள் துணி விழும், அணி ஐந்து யார் தூரம் பின்னால் போகும். அன்று நான் எங்கள் அணியைப் பின்னாலேயே கூட்டிக்கொண்டு போனேன்.

கோச் கோட்டுக்கு வெளியே நின்று கத்தினார். அவரும் மற்றவர்களும் இத்தாலியனில் சொன்னதை என் தமிழில் தருகிறேன். கெட்ட வார்த்தைகளை விட்டுவிட்டேன்.

"குணம்! ஊண்டின கையை ஏன் தூக்கிறாய்?"

"நான் தூக்கேல்லைக் கோச்."

"தூக்கேல்லையோ? பாத்துக்கொண்டிருந்த சனம் முழுக்கக் குருடோ?"

சத்தியமாக எனக்குத் தெரியவில்லை. ஹெல்மெட் கடிக்கிறதாக்கும் என்று வேறு ஹெல்மெட் தந்தார். வியர்வை கண்ணில் போகிறதாக்கும் என்று நெற்றிக்குப் பட்டி கட்டினார். துணி விழுந்துகொண்டே இருந்தது. ஆட்டம் முடிந்ததும், "அடுத்த ஞாயிறும் இப்பிடியெண்டால் நீ வாங்கிலைதான் இருப்பாய்" என்றார்.

2. சிஞ்ஞோராவின் நிபந்தனை

ஆட்டத்தில் இறங்காமல் வெளியே வாங்குப் பலகையில் இருப்பது எனக்கு வெட்கம் மட்டுமல்ல. பொலிதேயாமா நாடக அரங்குக்குப் பக்கத்தில் ஒரு சிஞ்ஞோரா, அதாவது இத்தாலிய அம்மா ஒருவர், வீட்டில் எனக்கு வேலை. அவருடைய வயதான தகப்பனைக் கட்டிலிலிருந்து கதிரைக்குத் தூக்குவது, குளிக்கவார்ப்பது, வீட்டாரின் உடுப்புத் தோய்ப்பது எல்லாம் நான்தான். சிஞ்ஞோராவின் ஒரே மகன் மார்கோதான் எங்கள் குவார்ட்டர்பேக். நான் முழங்காலை மடித்து, முதுகை நிமிர்த்தி, பெரியவரை நோகாமல் தூக்குவதைப் பார்த்துவிட்டு, "இதைத்தான் லைன்மேன் செய்யிறவன்" என்று என்னை மைதானத்துக்கு இழுத்துக்கொண்டு போனவனும் அவன்தான்.

அதற்கு முந்தின வருடம் மார்கோவுக்குத் தோள்மூட்டு விலகியிருந்தது. அதன்பின் சிஞ்ஞோரா ஒரே பிடியாக நின்றார்.

"குணம் உனக்கு முன்னுக்கு நிண்டால் விளையாடு. இல்லாட்டில் அந்தச் சப்பாத்தை நான் கடலுக்குள்ளை எறிவன்."

பிறகு என் பக்கம் திரும்பி, "உன்னை நம்பித்தான் விடுறன்" என்றார். அந்த வீட்டில் அந்தச் சொல்லை நான் சும்மா வாங்கவில்லை. எனக்கு அதில் பெருமை இருந்தது. நான் வாங்குக்குப் போனால் மார்கோவின் விளையாட்டும் அன்றோடு சரி.

3. வதனி கண்டுபிடித்தது

என் மனைவி வதனி, கனடாவிலிருக்கும் தம்பிக்கு அனுப்பவென்று ஆட்டத்தைப் போனில் வீடியோ எடுத்திருந்தாள். போர்கோ வெக்கியோவில் எங்கள் வீட்டுக் குசினியில் நின்று அதைப் பெரிதாக்கிப் பார்த்தவள், அடக்கமுடியாமல் சிரித்தாள். அடுப்பில் மீன் கருகியது.

"இஞ்சை பாருங்கோப்பா. கையை நிலத்திலை வைக்கிறியள். உடனை எடுத்துக் கண்ணிலை ஒத்தப் போறியள். முகத்துக்கு முன்னாலை கம்பி கிடக்கு. அதிலை முட்டித் திரும்பி வருது."

பார்த்தேன். உண்மை. பள்ளிக்கூடத்தில் கபடி விளையாடிய காலத்திலிருந்து, பாடிப் போகுமுன் நிலத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றாமல் நான் போனதில்லை. அது என்னைக் கேட்டு நடக்கிற காரியமல்ல. கை நிலத்தைத் தொட்டால் தானாகக் கண்ணுக்குப் போகும்.

அந்தக் கிழமை முழுக்கச் சிஞ்ஞோரா வீட்டு நடையில் குனிந்து குனிந்து பழகினேன். கை கேட்கவில்லை. மார்கோ பின்னால் நின்று பந்து வாங்குவதுபோல் கத்துவான். அதற்குள் என் கை மூக்குக்கு வந்துவிடும். எனக்கு என் கைமீதே ஆத்திரம் வந்தது.

வதனிதான் சொன்னாள்.

"ஏன் மினக்கெடுறியள்? இடக்கையை வையுங்கோ. இடக்கையாலை ஒருநாளாவது திருநீறு எடுத்திருக்கிறியளோ? அது கண்ணுக்குப் போகாது."

4. கேட்டு வாங்கிய இடம்

சொல்வது சுலபம். வலப்பக்கம் நிற்பவன் வலது கையைத்தான் ஊன்றவேண்டும். அந்தப் பக்கத்துக் கால் பின்னுக்குப் போனால்தான் வெளியால் ஓடிவருபவனைப் பிடிக்கலாம். இடது கையை ஊன்றவேண்டுமானால் இடப்பக்கம் மாறவேண்டும். வியாழன் பின்னேரம் கோச்சிடம் போய்க் கேட்டேன்.

"இடது டாக்கிளோ? மார்கோ வலக்கைக்காரன். எறியத் திரும்பேக்கை இடப்பக்கம் அவனுக்கு முதுகு. அவன் காணாத பக்கத்தை, நிக்கத் தெரியாத உன்னட்டைத் தரட்டோ?"

நிலத்தைத் தொடுகிற விஷயத்தைச் சொன்னேன். சிரிப்பார் என்றுதான் நினைத்தேன். அவர் தாடையைத் தடவினார்.

"எங்கடை ஆக்கள் கோயிலுக்குள்ளை போகேக்கை தண்ணியைத் தொட்டுச் சிலுவை போடுறமாதிரியோ?"

"ஓம் கோச்."

"என்ரை அம்மா இடக்கையாலை சிலுவை போட்டால் கன்னத்திலை தருவா" என்றார். பிறகு சால்வோவைக் கூப்பிட்டார். கபோ சந்தையில் இறைச்சிக் கடை வைத்திருப்பவன், எங்கள் அணியிலேயே பாரமான ஆள். "இவனை இடிச்சுத் தள்ளு" என்றார். சால்வோ இருட்டும்வரை இடித்தான். என் இடது கை நிலத்தில் வைத்தது வைத்தபடி இருந்தது. சால்வோ ஒருதரமும் என்னைத் தாண்டவில்லை.

"ஞாயிறு இடப்பக்கம் நீ" என்றார் கோச்.

5. கத்தானியாக்காரர்

ஞாயிறு கத்தானியாவிலிருந்து வந்த அணி. அவர்களின் ஓரத்து ஆள் என்னைவிட ஒரு சாண் உயரம், பொல்லாத வேகம். சிஞ்ஞோரா அன்றுதான் முதன்முதலாக மைதானத்துக்கு வந்திருந்தார். வதனிக்குப் பக்கத்தில் கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்தபடி இருந்தார். மார்கோ ஒருமுறை அடிபட்டு விழுந்தாலும் அதுதான் அவனுடைய கடைசி ஆட்டம் என்பது எல்லாருக்கும் தெரியும்.

உள்ளே இறங்குமுன் வலது கையால் நிலத்தைத் தொட்டு ஆறுதலாகக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன். அதோடு வலது கையின் வேலை முடிந்தது. பிறகு ஆட்டம் முழுக்க இடது கைதான்.

அந்த நெடுவல் வெளியால் வந்தான், மறித்தேன். நெஞ்சில் இடித்தான், இடுப்பைப் பதித்து நின்றேன். என் உடுப்பைப் பிடித்துக் கிழித்தான். கடைசிப் பகுதியில் ஒருதரம் சுழன்று உள்ளால் போய்விட்டான். மார்கோவின் முதுகுக்கும் அவனுக்கும் ஒரு கை நீளம்தான். பாய்ந்து தோளால் பக்கவாட்டில் இடித்தேன். இருவரும் சேற்றில் உருண்டோம். மார்கோ ஒன்றும் அறியாமல் பந்தை எறிந்துகொண்டிருந்தான்.

நாங்கள் அன்று தோற்றோம். அதைப்பற்றி எனக்கு இன்றுவரை பெரிய கவலையில்லை. எனக்கு ஒரு மஞ்சள் துணியும் விழவில்லை. முழங்கால் தேயும்வரை அந்த அணியின் இடது டாக்கிள் நான்தான். இப்போது லைனுக்குப் புதிதாக வருபவர்களுக்கு நான்தான் கோச். ஒருவன் பிழைவிட்டால் நான் முதலில் அவனைத் திட்டுவதில்லை. அவனை வேறு பக்கத்தில் நிறுத்திப் பார்க்கிறேன். அந்தக் கிழமை நான் படித்த பாடம் அவ்வளவுதான்.

திங்கள் காலை வேலைக்குப் போனேன். தோய்க்கிறதற்காக மார்கோவின் பையை எடுக்கப் போனால், சிஞ்ஞோரா எனக்கு முந்தி அவனுடைய ஜெர்சியைக் கையில் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். முதுகுப் பக்கத்தில் ஒரு புல் கறை கூட இல்லை.

"உன்ரை ஜெர்சி எங்கை?" என்று கேட்டார்.

"என்ரை பையுக்கை கிடக்கு சிஞ்ஞோரா. அது சேறு. கிழிஞ்சும் போச்சு."

"கொண்டா."

கொடுத்தேன். அதை அந்தச் சேற்றோடு நெஞ்சோடு அணைத்துக்கொண்டு தொட்டிக்குப் போனார். நான் பின்னால் போய் வாங்கப் பார்த்தேன்.

"நீ போய் இரு" என்றார். "இண்டைக்கு இது என்ரை வேலை."