பாவாயி என்று கூப்பிடாத ஊர்

எங்கள் வீட்டுச் சமையலறைச் சுவரில், அடுப்புக்குச் சற்று மேலே, ஓர் ஆணியில் எவர்சில்வர் தூக்குபோசி ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. வேலைக்குப் போகிறவர்கள் சோறு கட்டிக்கொண்டு போகிற சாதாரணப் போசிதான். வயிற்றுப் பக்கத்தில் புள்ளி புள்ளியாகப் 'பாவாயி' என்று பெயர் வெட்டியிருக்கும். வருஷக்கணக்காக அடுப்புப் புகை ஏறி அந்தப் புள்ளிகள் கறுத்துப் போயிருந்தன. மற்றப் பாத்திரங்களைப் பொங்கலுக்குப் பொங்கல் சாம்பல் போட்டு விளக்கும் அம்மா, இதை மட்டும் தொடமாட்டார். பழைய பாத்திரக்காரன் வந்தாலும் எடுத்துப் போட விடமாட்டார். என் அக்காவின் பெயரும் பாவாயிதான். ஆனால் அது அக்காவின் போசி அல்ல. எங்கள் வீட்டில் தொங்கியதே தவிர எங்களுடையது அல்ல.

பிரசவத்துக்காக மலையேறி அம்மா வீட்டுக்கு வந்தவள் நான். குழந்தை பெண். மூன்று மாதம் ஆகப்போகிறது, இன்னும் பெயர் வைக்கவில்லை. திருப்பூரில் இருக்கும் என் வீட்டுக்காரர் தினமும் போனில் பெயர் அனுப்புவார். அதற்கென்று ஏதோ ஓர் ஆப் இருக்கிறதாம். பெயரைத் தட்டினால் அதன் பொருள், எந்த மொழியிலிருந்து வந்தது, எத்தனை பேர் வைத்திருக்கிறார்கள் என்று எல்லாம் சொல்லிவிடும். பிறந்து கண் திறக்காத பிள்ளைக்கு இவ்வளவு விசாரணையா என்று கேலி செய்துகொண்டிருந்தேன். ஒருநாள் பொழுது போகாமல் அதில் பாவாயி என்று போட்டுப் பார்த்தேன். பொருள் தெரியவில்லை என்றது. மிக அரிதான பெயர் என்றது. எனக்குச் சிரிப்பு வரவில்லை, ஆத்திரமாக வந்தது. சோளக்காட்டுச் சந்தையில் நின்று பாவாயி என்று ஒரு குரல் கொடுத்தால் பாதிச் சந்தை திரும்பிப் பார்க்கும். அதைப் பார்த்து வளர்ந்தவள் நான்.

இந்த மலைக்குக் காவல் இருப்பவள் கொல்லிப்பாவை. அசுரர்கள் மேலே ஏறி வந்தபோது அழகான பெண் உருவமாக நின்று, சிரித்துக்கொண்டே அவர்களை முடித்தவள் என்பார்கள். பாவை என்றால் பதுமை, சின்னப் பெண். ஆயி என்றால் தாய். காவல்காரியின் பெயரை மகளுக்கு வைத்தால் அந்த வீட்டுப் பக்கம் சாவு எட்டிப் பார்க்காது என்பது எங்கள் குண்டனி நாட்டுப் பெரியவர்களின் கணக்கு. இன்னொன்றும் சொல்வார்கள். வீட்டுக்கு ஒரு பாவாயி இருந்துவிட்டால், பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டு வருகிற எமன் எந்த வீட்டுக்குள் நுழைவது என்று தெரியாமல் திரும்பிப் போய்விடுவானாம். சின்ன வயதில் இதைக் கேட்டுச் சிரித்திருக்கிறேன். இப்போது யாராவது சொன்னால் எழுந்து வெளியே போய்விடுவேன்.

எங்கள் ஊர் சின்ன ஊர். அக்கா வயதில் மூன்று பாவாயிகள் இருந்தார்கள். எங்கள் வீடு வயல் இறங்குகிற பள்ளத்தில் இருந்ததால் அக்கா பள்ளத்துப் பாவாயி. பஸ் நிற்கும் இடத்தில் இருந்த அத்தை வீட்டுப் பெண் ரோட்டுப் பாவாயி. மேட்டில் மிளகுக் கொடிகளுக்கு நடுவே தனி வீட்டில் இருந்த பெரியம்மாவின் மகள் மேக்காட்டுப் பாவாயி. பெரியம்மா எங்களுக்குச் சொந்த உறவு இல்லை, அம்மா அவரை அக்கா என்று கூப்பிட்டதால் எனக்குப் பெரியம்மா. புருஷனை இளமையிலேயே இழந்தவர். அவருக்கு இருந்தது அந்த ஒரு மகள்தான். மூன்று தாய்மார்களும் ஒரே சந்தையில், ஒரே கடையில், ஒரே மாதிரிப் போசி வாங்கி, ஒரே ஆளிடம் பெயர் வெட்டி வாங்கினார்கள். பள்ளம், ரோடு, மேக்காடு என்பதையெல்லாம் அந்த ஆள் வெட்டவில்லை. ஊருக்குள் இருக்கும்வரை அதற்குத் தேவையும் இருக்கவில்லை.

மரவள்ளிக் குச்சிக்கிழங்கு விலை போகாமல் காட்டிலேயே கிடந்த வருஷம் அது. அடிவாரத்து மேஸ்திரி ஒருவர் பெங்களூர்ப் பக்கம் கட்டட வேலைக்கு ஆள் எடுத்தார். மூன்று பேரும் ஒன்றாகக் கிளம்பினார்கள். நான் ஏழாவது படித்துக்கொண்டிருந்தேன். பஸ் புறப்படுகிற அவசரத்தில் யாரோ ஒருத்தி போசியைக் கீழே போட்டதும், அது படியில் இடித்து உருண்டதும், எல்லோரும் சிரித்ததும் நினைவிருக்கிறது. யார் போட்டது என்று அன்று நான் கவனிக்கவில்லை. அக்கா ஜன்னல் வழியாகக் கையை நீட்டி என் சடையைப் பிடித்து இழுத்துவிட்டுப் போனாள்.

மாசி மாதத்தில் ஒருநாள், மத்தியான பஸ்ஸில் முன்பின் தெரியாத ஓர் ஆள் வந்து இறங்கினார். அடிவாரத்துக்காரர், அவரும் பெங்களூரில் வேறொரு கட்டடத்தில் வேலை பார்ப்பவர். ஊருக்கு வரக் கிளம்பியவரிடம் பஸ் ஸ்டாண்டில் மேஸ்திரி ஒரு பையைக் கொடுத்து அனுப்பியிருந்தார். பையிலிருந்து போசியை வெளியே எடுத்தவர், பேசுவதற்கு முன் தொண்டையைச் செருமிக்கொண்டே இருந்தார்.

“பாவாயிங்கற புள்ள சாரத்துல இருந்து விழுந்து தவறிருச்சுங்க. பொழுதோட வண்டி வந்துரும். கூட இருந்த புள்ளைங்க ஒடம்போட ஆஸ்பத்திரிக்குப் போயிருச்சாம், எந்த ஊடுன்னு மேஸ்திரிக்கே தெரியலீங்க. இதக் காட்டுனா ஊட்டுக்காரங்களுக்கு அடையாளம் தெரியும்னு குடுத்து விட்டாருங்க.”

அந்தப் புள்ளை கறுப்பா சிவப்பா, உயரமா குட்டையா என்று ரோட்டு அத்தை கேட்டார். தான் ஆளைப் பார்க்கவே இல்லை என்று அவர் கையெடுத்துக் கும்பிட்டார். அப்பாவும் இன்னும் சிலரும் போனை எடுத்துக்கொண்டு சிக்னல் கிடைக்கும் பாறைக்கு ஓடினார்கள். பெண்களிடம் போன் கிடையாது, மேஸ்திரியின் போனும் அணைந்து கிடந்தது. திரும்பத் திரும்பப் போட்டும் அதே பதில்தான். ஊரில் மற்றவர்கள் எல்லோரும் விலகி நிற்க, மூன்று தாய்மார்கள் மட்டும் அந்தப் போசியைச் சுற்றி நின்றார்கள்.

முதலில் அத்தைதான் வாங்கினார். திருப்பித் திருப்பிப் பார்த்தார், மூடியைத் திறந்தார், அடியைத் தடவினார். “இது என்ற ஊட்டுது இல்லீங்க” என்றார். அம்மா வாங்கும்போதே மூடி கழன்று விழுந்தது. நான் எடுத்துக் கொடுத்தேன். கைப்பிடியைப் பார்த்தார், பெயரைப் பார்த்தார், அதில் என்ன தெரிந்துவிடப் போகிறது. “இல்ல, எங்களுது இல்ல, எம் பொண்ணுது இப்படி இருக்காது” என்று அழ ஆரம்பித்துவிட்டார். பெரியம்மா கடைசியாக வாங்கினார். அவர் திருப்பிப் பார்க்கவில்லை. மூடியைத் திறந்து, விளிம்பின் உட்பக்கம் கட்டைவிரலை வைத்து ஒரு சுற்று ஓட்டினார். பிறகு மூடியை அழுத்தி மூடி, போசியை என் கையில் கொடுத்தார்.

“எங்களுதும் இல்லீங்க.”

மூன்று பேரும் இல்லை என்றுவிட்டார்கள். வந்தவர் யாரைப் பார்ப்பது என்று தெரியாமல் ரோட்டைப் பார்த்துக்கொண்டு நின்றார். அந்தப் பாத்திரத்தை நெஞ்சோடு பிடித்தபடி நானும் வேண்டிக்கொண்டிருந்தேன். என்ன வேண்டினேன் என்று விளக்க வேண்டியதில்லை. எங்கள் அக்காவாக இருக்கக் கூடாது என்று வேண்டினால் அது இன்னொருத்தியாக இருக்கட்டும் என்றுதான் பொருள். அங்கே நின்ற எல்லோருக்கும் அது தெரியும். அதனால்தான் யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை. எல்லாவற்றையும் காப்பதாகப் பெயரெடுத்த அந்த மலைக்காரியிடம் மூன்று வீட்டுக்காரர்களும் மூன்று விதமாகக் கெஞ்சினால் அவள்தான் என்ன செய்வாள்.

பொழுது இறங்கும் வரை காத்திருந்தோம். அப்படி ஒரு காத்திருப்பை எதிரிக்கும் நினைக்க மாட்டேன். கீழே வளைவில் ஏதாவது வண்டிச் சத்தம் கேட்டால் அம்மா எழுந்து நிற்பார். குச்சிக்கிழங்கு லாரியாகவோ டூரிஸ்ட் வேனாகவோ இருக்கும், மறுபடி உட்கார்ந்துவிடுவார். வாசலூர்பட்டிப் படகு ஏரிக்கு வழி கேட்டு ஒரு கார் நின்றது. அப்பா கை நீட்டி வழி காட்டினார். பெரியம்மா மட்டும் நிலையாக இருந்தார். எல்லோருக்கும் தண்ணீர் மொண்டு கொடுத்தார். நடுவில் எழுந்து மேக்காட்டுக்குப் போய், வெகுநேரம் கழித்து ஈரக் கையோடு திரும்பி வந்தார். கோழியை அடைத்துவிட்டு வந்ததாகச் சொன்னார். அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவிக்கொண்டே இருந்தார்.

“அழுவாத புள்ள. உன்ற பொண்ணு வந்துருவா, பாரு.”

வெள்ளை வண்டி வந்து நின்றது. முன் கதவு திறந்து முதலில் இறங்கியவள் என் அக்கா. முகம் வீங்கி, தலை கலைந்து, காலில் செருப்பு இல்லாமல் நின்றாள். அம்மாவிடமிருந்து ஒரு சத்தம் வந்தது. அழுகை இல்லை அது, சந்தோஷம். வாயைப் பொத்திக்கொள்வதற்குள் வெளியே வந்துவிட்டது. அக்காவுக்குப் பின்னால் ரோட்டுப் பாவாயி இறங்கினாள். மூன்றாவதாக யாராவது இறங்குவார்களா என்று பார்க்கப் பெரியம்மா அங்கே நிற்கவில்லை. அவர் ஏற்கெனவே வண்டியின் பின்கதவுக்குப் போயிருந்தார்.

மேக்காட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனபோது வாசல் கூட்டிச் சாணி தெளித்திருந்தது. அண்டா நிறையத் தண்ணீர் நிரப்பியிருந்தது. பாய் விரித்திருந்தது. அந்த நேரத்து அழுகையில் யாரும் அதைப் பற்றி யோசிக்கவில்லை. போசி என் கையிலேயே எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது. காரியம் முடிந்த பிறகு அம்மா அதை எடுத்துக்கொண்டு மேக்காட்டுக்குப் போனார். பெரியம்மா அதன் பக்கம் திரும்பவே இல்லை. “அதான் அன்னிக்கே எங்களுது இல்லைன்னு சொன்னேனே” என்றுவிட்டார். அம்மா அதைத் திரும்பக் கொண்டுவந்து ஆணியில் மாட்டினார்.

அதற்குப் பிறகு எங்கள் ஊரில் அந்தப் பெயரை யாரும் வாய்விட்டுக் கூப்பிடவில்லை. இப்படி என்று கூடிப் பேசி முடிவெடுக்கவில்லை. பள்ளத்திலிருந்து பாவாயி என்று கூப்பிட்டால் மேக்காட்டு வரை கேட்கும், பெரியம்மா வெளியே வந்து நிற்பார், அவ்வளவுதான். அக்காவைக் 'கண்ணு' என்றோம், 'ஏ புள்ள' என்றோம். கல்யாணமாகி ராசிபுரம் போனவள் அங்கே பவித்ரா ஆகிவிட்டாள். புதிதாகப் பிறந்த குழந்தைகளுக்கு யாரும் அந்தப் பெயரை வைக்கவில்லை. ஆப் சொல்வது சரிதான். அரிதான பெயர்தான்.

போன வாரம் பெரியம்மா குழந்தையைப் பார்க்க வந்தார். கூன் விழுந்துவிட்டது, பார்வையும் மங்கல். குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு பாதத்தைத் தடவிப் பார்த்தார். பெயர் என்ன வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டார். எனக்கு என்ன தோன்றியதோ, இத்தனை வருஷம் அடைத்துக் கிடந்தது வெளியே வந்துவிட்டது.

“பாவாயின்னு வெக்கட்டுமா பெரியம்மா?”

அம்மா கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்துவிட்டு என்னை முறைத்தார். பெரியம்மா குழந்தையின் கால் விரல்களை ஒவ்வொன்றாக நீவிக்கொண்டிருந்தார். பிறகு அடுப்புப் பக்கம் முகத்தைத் திருப்பினார்.

“கண்ணு, அந்தப் போசிய எடுத்துக் குடு.”

எடுத்துக் கொடுத்தேன். மூடியைத் திறந்து, விளிம்பின் உட்பக்கம் கட்டைவிரலை வைத்து ஓட்டினார். ஓரிடத்தில் விரல் நின்றது.

“இங்க ஒரு நெளிசல் இருக்குது பாரு. பஸ்ஸு ஏறையில கீழ போட்டுட்டா. நாந்தான் வெரலால நிமித்திக் குடுத்து விட்டேன்.”

அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். பிறகு மெதுவாகக் கேட்டார், “அப்ப உனக்கு மத்தியானமே தெரியுமாக்கா?”

“தெரியும். ஆமா, என்ற பொண்ணுதான்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா அப்பவே செத்துருப்பா. வண்டி வார வரைக்குமாவது இருக்கட்டும்னு இருந்துட்டேன்.”

உயிரோடு வரப்போகிற மகளுக்காக அம்மா அழுதுகொண்டிருந்த அந்த மத்தியானம் முழுவதும், வராத மகளின் தாய் அவர் முதுகைத் தடவிக்கொண்டிருந்திருக்கிறார். அம்மா பெரியம்மாவின் காலைப் பிடித்துக்கொண்டு அழுதார். அன்று வண்டி வந்து நின்றபோது தன் வாயிலிருந்து வந்த சத்தத்துக்கும் சேர்த்துத்தான் அழுதார் என்று நினைக்கிறேன். பெரியம்மா அழவில்லை. குழந்தையை என்னிடம் கொடுத்துவிட்டு, போசியை மடியில் வைத்துக்கொண்டார்.

“இத நான் கொண்டு போறேன். எங்க ஊட்டுதுதான். பேர உன்ற புள்ளைக்கு வெச்சுக்க, கண்ணு. அவளுக்கு இனி எதுக்கு.”

வெயில் சாய்வதற்குள் மேக்காட்டுக்கு ஏறிப் போய்விட்டார். வாசலில் நின்று பார்த்தேன். அந்த நடைக்குக் கொஞ்சமும் பொருந்தாத பளபளப்பு ஒன்று மிளகுக் கொடிகளுக்கு நடுவே தெரிந்து மறைந்தது. எங்கள் வீட்டில் படிந்த புகையை வழியிலேயே முந்தானையால் துடைத்திருக்கிறார்.

என் வீட்டுக்காரர் போனில் கேட்டுக்கொண்டே இருக்கிறார். பெயர் கேட்டது நான்தான், கிடைத்தும் விட்டது. ஆனால் அதைச் சொல்ல வாயைத் திறந்துவிட்டு, அப்புறம் பேசுகிறேன் என்று போனை வைத்துவிடுகிறேன். சமையலறைச் சுவரில் ஆணி மட்டும் இருக்கிறது, அதற்குக் கீழே புகை படியாத ஒரு வட்டம். தொட்டிலில் குழந்தை அழுகிறாள். ஆட்டிவிட்டுக்கொண்டே கண்ணு, சாமி என்றுதான் கூப்பிடுகிறேன்.