சட்டைப் பையில் பாஸ்போர்ட்

2009இல் லண்டன் ரெய்னர்ஸ் லேனில் ஒரு வீட்டின் மேல்மாடி அறையில் வாடகைக்கு இருந்தேன். எண்ணெய்ச் செல்வம் அரசுகளுக்கு எப்படி அதிகாரம் தருகிறது என்பதுதான் என் மானிடவியல் ஆய்வு. பேராசிரியர் முக்கிய அத்தியாயத்தைத் திருப்பித் தந்துவிட்டார். அமைச்சர்களும் எண்ணெய்க் குழாய்களும் இருக்கின்றன, மனிதர்கள் எங்கே என்று கேட்டார். திருத்தாவிட்டால் உதவித்தொகை நின்றுவிடும். எனக்கு மண்டை காய்ந்துபோயிற்று.

பக்கத்து அறையில் ஓர் அண்ணை இருந்தார். வளைகுடாவில் எண்ணெய்க் கிணறுகளில் வெல்டிங் வேலை செய்து, பிறகு பிரான்ஸ் போய், அங்கிருந்து லண்டன் வந்தவர். இப்போது பெட்ரோல் நிலையத்தில் வேலை. பால் வாங்கப் போனாலும் பாஸ்போர்ட்டைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டுதான் போவார். அதைச் சொல்லிப் பகிடி பண்ணியிருக்கிறேனே தவிர, ஏன் என்று கேட்டதில்லை. என் ஆராய்ச்சி மூளை அவ்வளவுதான்.

அவரிடமே பேசலாம் என்பது ஒருநாள் பிந்தித்தான் உறைத்தது. தேநீர் ஊற்றி வைத்து, பல்கலைக்கழகத்தின் சம்மதப் படிவத்தை நீட்டினேன். ஆய்வுக்குப் பேசுபவர்கள் கையெழுத்திட வேண்டும் என்பது விதி. அவர் முகம் இருண்டது.

“இப்பிடி ஒரு பேப்பரிலதான் அங்கையும் சைன் வைச்சன், தங்கச்சி. நாலு வருசம் பாஸ்போட் முதலாளியின்ர இரும்பு அலுமாரிக்குள்ள. அம்மாவின்ர செத்தவீட்டுக்கும் போக ஏலாமல் போச்சு. இனி ஒண்டிலும் சைன் வைக்கமாட்டன்.”

தேநீரைத் தொடாமல் எழுந்து போய்விட்டார். எனக்கு என்மீதே ஆத்திரம் வந்தது. படிவத்தைக் கிழித்துப் போட்டேன். மறுநாள் பேராசிரியரோடு மல்லுக்கட்டி, வாய்ச் சம்மதமே போதும் என்று அனுமதி வாங்கி வந்து அவரிடம் சொன்னேன்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்தவர், தானாகவே கதிரையை இழுத்துப் போட்டு இருந்தார். “ஓம், கேளுங்கோ.” மாலைவரை சொன்னார். அந்த வளைகுடா அரசு எண்ணெய்ப் பணத்தை மட்டும் தன் குடிமக்களுக்குப் பங்கிடவில்லை. வேலைக்கு வந்த வெளியாரைப் பிடித்து வைக்கும் அதிகாரத்தையும் சேர்த்தே பங்கிட்டிருந்தது. நூலகத்தில் இத்தனை காலம் இருந்தும் எனக்கு அகப்படாத விஷயம் இது.

அத்தியாயம் தேறியது. செய்தியைச் சொல்ல ஓடியபோது அவர் ஷிப்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். வெளியே நல்ல மழை. சட்டைப் பையிலிருந்து பாஸ்போர்ட்டை எடுத்து என்னிடம் நீட்டினார்.

“நனைஞ்சு போடும். உங்கட மேசை லாச்சிக்குள்ள வையுங்கோ. வந்து எடுக்கிறன்.”

லாச்சியை இழுத்து உள்ளே பத்திரமாக வைத்தேன். அதற்குச் சாவி இருந்தது. நான் பூட்டவில்லை.